விசாரித்தவரின் மௌனம்

எண்பதுகளில் ஜேர்மனிக்கு வந்திறங்கிய நம்மவர் பலருக்கு வெள்ளிக்கிழமை இரவுகளில் அறிமுகமானவர் இன்ஸ்பெக்டர் டெரிக். மொழி விளங்காவிட்டாலும், குரலை உயர்த்தாமல் கேள்வி கேட்கும் அந்தக் களைத்த கண்களை நாம் விளங்கிக்கொண்டோம். நமக்குத் தெரிந்த பொலிஸ் அப்படிக் கேள்வி கேட்டதில்லை.

டெரிக்காக நடித்தவர் ஹோர்ஸ்ட் டப்பேர்ட். 1923இல் பிறந்தவர். யுத்தம் முடிந்ததும் ஸ்டெண்டால் நகர நாடக அரங்குக்குக் கணக்கெழுதும் வேலை தேடிப்போய் நடிகரானார். இருபது வருடங்கள் மேடைகளிலும் துணைவேடங்களிலும் கழிந்தன. 1966இல், இங்கிலாந்தின் தபால் ரயில் கொள்ளை பற்றிய தொலைக்காட்சிப் படத்தில் கொள்ளையர் தலைவனாக வந்தபோதுதான் நாடு முழுவதும் அவரை அறிந்தது. பிறகு 1974 முதல் 1998 வரை டெரிக்: 281 கதைகள், நூறுக்கு மேற்பட்ட நாடுகள். 2008இல் இறந்தார்.

2013இல் பழைய இராணுவக் கோவைகளிலிருந்து ஓர் உண்மை வெளிவந்தது. டப்பேர்ட் 1943இல் வாஃபன் எஸ்.எஸ். படையில், வதைமுகாம் காவலர்களைக்கொண்டு தொடங்கப்பட்ட 'டோட்டன்கொஃப்' பிரிவில் இருந்திருக்கிறார். அப்போது வயது இருபது. அவர் கையால் என்ன நடந்தது என்று கோவை சொல்லவில்லை. அவரும் சொல்லவில்லை. இசட்.டி.எஃப். தொலைக்காட்சி இனி டெரிக்கை மறு ஒளிபரப்புச் செய்வதில்லை என்று அறிவித்தது.

இது நீதியா? 281 கதைகளையும் எழுதிய ஹெர்பேர்ட் ரைனெக்கரும் வாஃபன் எஸ்.எஸ்.ஸின் யுத்த நிருபராக இருந்தவரே. அது மறைக்கப்பட்ட செய்தியல்ல. அதற்காக யாரும் தொடரை நிறுத்தவில்லை. ஆக, தண்டிக்கப்பட்டது கடந்தகாலம் அல்ல, வெகுகாலம் நேசித்த முகம் தந்த ஏமாற்றம். ஒரு மௌனத்துக்கு இன்னொரு மௌனத்தால் பதில் சொல்லியாயிற்று. பெட்டியை மூடிவிட்டால், அந்த முகத்தை ஏன் அவ்வளவு நம்பினோம் என்று பார்வையாளர் தம்மையே கேட்கவேண்டியதில்லை.

எழுத்தாளர் குந்தர் கிராஸும் பதினேழு வயதில் அதே படையில் இருந்தவர். 2006இல் தானே சொன்னார். மிகவும் பிந்திச் சொன்னார் என்று திட்டினார்கள். ஆனாலும் திட்டுவதற்கு ஆள் உயிரோடு முன்னால் நின்றார், பதிலும் சொன்னார். டப்பேர்ட்டிடம் இனி எவரும் கேட்கமுடியாது. மௌனத்தின் அநியாயம் இங்கேதான். பாதிக்கப்பட்டவர்களிடமிருந்து அது பறிப்பது தண்டனையை மட்டுமல்ல, கேள்வியையும்தான்.

நம் மத்தியிலும் கோவைகள் உண்டு. துவக்குத் தூக்கியவர்கள், தூக்கியவர்களுக்குக் காட்டிக்கொடுத்தவர்கள், சகோதரப் படுகொலைகளைப் பார்த்து நின்றவர்கள், எல்லோரும் ஒரே கல்யாண மண்டபத்தில் ஒரே வரிசையில் இருந்து சாப்பிடுகிறோம். 'அப்ப நீர் எங்கை இருந்தனீர்?' என்று கேட்பது மரியாதைக்குறைவு. அந்த மரியாதை ஒருகாலத்தில் உயிரைக் காத்தது என்பதை மறுக்கமாட்டோம். ஆனால் பயம் போனபின்னும் தொடரும் மரியாதைக்கு வேறு பெயர் உண்டு.

இருபது வயதில் செய்ததற்காக ஒருவரின் முழு வாழ்வையும் அழிக்கச்சொல்லி நாம் கேட்கவில்லை. டெரிக்கைக் காட்டட்டும், ஒவ்வொரு கதைக்கும் முன்னால் அந்த உண்மையை ஒரு வரியில் போடட்டும். மனிதரை நேசிக்கவும் அவரைக் கேள்வி கேட்கவும் ஒரே நேரத்தில் நமக்கு முடியவேண்டும். முடியாவிட்டால் நம் பிள்ளைகள் ஒருநாள் கோவைகளைத் திறப்பார்கள். அப்போது பதில் சொல்ல நாம் இருக்கமாட்டோம்.