இளையோர் மதுவுண்டலும் வினையுரிமையும்

கள்ளுண்டல் தீதென்பது இவ்விதழைப் பயில்வார்க்குப் புதிதாக நிறுவவேண்டுவதொன்றன்று. திருமூலர் முதற்றந்திரத்தில் கள்ளுண்ணாமைக்கென ஒரு பகுதி வகுத்தார். திருவள்ளுவர் பொருட்பாலில் ஓர் அதிகாரம் வகுத்தார். ஈண்டு ஆராயப் புகுந்தது அதனின் வேறாயதொரு வினா. பதினான்கு பதினைந்து அகவையினனாகிய சிறுவன் ஒருவன் மதுவுண்டானாயின், அவ்வினைக்கு உரியவன் யாவன்? உண்டவனே உரியன் என்பர் ஒருசாரார். அறியாப் பருவத்தானாகலின் அவனுக்கு வினையே இல்லை என்பர் மற்றொருசாரார். இதனைத் துணிந்தாலன்றி, மதுவுண்ட மாணாக்கனைப் பாடசாலையினின்றும் விலக்கலாமோ ஆகாதோ என்னும் வினாவிற்கு விடைகூறல் இயலாது. திருமடங்களைச் சார்ந்து கல்விநிலையங்களும் மாணாக்கர் விடுதிகளும் நடைபெறும் இக்காலத்து, இது வெறுஞ் சொல்லாராய்ச்சி அன்று.

இத்தீமை அத்துணைப் பரவியுளதோ என ஐயுறுவார்க்கு ஓர் அளவு காட்டுதும். 2019-ஆம் ஆண்டில் இந்திய அரசாங்கத்தின் சமூகநீதி அமைச்சகத்தார் புதுதில்லி அகில இந்திய மருத்துவ நிலையத்தாரைக் கொண்டு ஆராய்வித்து வெளியிட்ட அறிக்கையின்படி, 10 முதல் 17 வரை அகவையுடையாருள் நூற்றுக்கு 1.3 பேர் மதுவுண்பவர். நூற்றுக்கு ஒருவர் என்னுங்கால் இது சிறிதெனத் தோன்றும். தொகையாகக் கூறின் ஏறத்தாழ 30 லட்சம் சிறார் ஆவர். பெற்றோர்க்கு மறைத்துச் செய்யும் ஒன்றனைப் புதியராய் வந்து வினாவுவார்க்குச் சிறார் எத்துணை மெய்யாகக் கூறுவர் என்பதனையும் உடன் எண்ணுக.

இது தொடங்கும் இடமோ பலர்க்கு மதுக்கடையன்று. திருமண வீடும், காதணி விழாவும், ஊர்த்திருவிழாவின் பின்னிரவுமேயாம். மூத்தோன் ஒருவன், 'பீர் என்பது சாராயமன்று. உடலுக்குக் குளிர்ச்சி' என்று சொல்லி ஊற்றித் தருகின்றான். கணக்கிட்டுப் பார்ப்போமாயின், நூற்றுக்கு 5 பங்கு வெறிச்சத்துடைய பீர் 650 மில்லி லிட்டர் கொண்ட ஒரு புட்டியில் அச்சத்து 32 மில்லி லிட்டருக்கு மேலுளது. நூற்றுக்கு 42.8 பங்கு சத்துடைய விஸ்கியை ஏறத்தாழ 76 மில்லி லிட்டர் உண்டதனோடு அஃது ஒக்கும். குளிர்ச்சி என்னும் பெயரால் ஊட்டப்படுவது இதுவே.

இனி, வினாவிற்கு வருவாம். 'அவரவர் வினை அவரவர்க்கு. அச்சிறுவன் மதுவுண்டு கெடுதல் அவனது பிராரத்தம். அதன்கண் நாம் செய்யக் கிடந்தது யாது?' என்று கூறிக் கைகழுவுவாரும் நம்முள் உளர். கற்றோர் வாயிலும் இக்கூற்று வழங்குதல் வருந்தத்தக்கது. பிராரத்தமாவது முன்செய்த வினை இன்பதுன்ப நுகர்ச்சியாய் வந்து பொருந்துவது. அந்நுகர்ச்சியின்கண் புதிதாய் ஈட்டப்படுவது ஆகாமியம். புதிதாய்ச் செய்யப்படுவதனையும் பிராரத்தமென்றே கொள்ளின், இதனைச் செய்க, இதனைச் செய்யற்க என்னும் நூல்களின் விதிவிலக்கெல்லாம் பயனிலவாய் முடியும். அன்றியும், ஒருவன் மற்றொருவனைத் தடிகொண்டு அடித்தவழி, அடியுண்டவன் எய்திய துன்பம் அவனது பிராரத்தமேயாயினும், அடித்தவன் ஆகாமியத்தினின்றும் நீங்கான் என்பது யாவர்க்கும் உடன்பாடு. சிறுவன் கையிற் கிண்ணத்தைக் கொடுத்தவன் நிலையும் அதுவே. பிராரத்தம் என்னும் சொல் அவனுக்கு மறைவிடமாகாது.

அற்றேல், உண்டவன்பால் உள்ள வினை எத்துணையது எனின், அஃது அறிவின் அளவினதென்பதே எமது துணிபு. சிவஞானபோதத்து நான்காஞ் சூத்திரம், உயிர் அந்தக்கரணங்களுள் ஒன்றன்றாயினும், அரசன் அமைச்சரொடு கூடி நின்று ஆளுமாறுபோல, அவற்றொடு கூடியே அறியும் என்று உணர்த்திற்று. மனம் பற்ற, சித்தம் சிந்திக்க, அகங்காரம் முனைந்தெழ, புத்தி நிச்சயிக்கும் என்ப. இளம்பருவத்து நிகழ்வது யாதெனில், பற்றுவதும் முனைவதும் விரைந்து வலியுற, நிச்சயிப்பது பின்னரே முதிர்தலாம். இக்காலத்து உடனூலாரும், ஆராய்ந்து தன்னை அடக்கும் தொழிற்கு இன்றியமையாததாகிய மூளையின் முற்பகுதி இருபது அகவையைக் கடந்தும், இருபத்தைந்தனை அணுகுங்காறும் முதிர்ந்து வருகின்றதென்பர். மூளையே புத்தியென யாம் கூறினேமல்லேம். உடலாகிய கருவி முதிராதவழி அதனைப் பற்றித் தொழிற்படும் கரணமும் முதிரத் தொழிற்படாதென்பதே கருத்து.

ஆகவே அமைச்சன் இளையனாயிருக்கும்போழ்தே அரசன்பால் நஞ்சு கொணரப்படுகின்றது. அந்நஞ்சு முதற்கண் கெடுப்பதும் அவ்வமைச்சனையே. ஏனைத் தீச்செயல்களைச் செய்த சிறுவன் வளர்ந்து அறிவுபெற்றபின் அவற்றை நினைந்து நாணித் திருந்துதல் கூடும்; நாணித் திருந்துதற்குரிய கருவி அவன்பால் எஞ்சியிருத்தலின். மதுவோ திருந்துதற்குரிய அக்கருவியையே வளருங்காலத்துத் தளர்விக்கின்றது. 'வளர்ந்தபின் தானே தெரிந்து விட்டுவிடுவான்' என்று பெற்றோர் கூறும் ஆறுதல் இதனாலேதான் உறுதியற்றதாகின்றது. அமெரிக்க நாட்டில் 1997-ஆம் ஆண்டு வெளியானதோர் ஆராய்ச்சியில், 15 அகவைக்கு முன்னர்க் குடிக்கத் தொடங்கினாருள் நூற்றுக்கு 40 பேர்க்கு மேற்பட்டோர் தம் வாழ்நாளில் ஒருகாலத்துக் குடிக்கு அடிமையாயினரென்றும், 21 அகவையளவில் தொடங்கினாருள் நூற்றுக்கு 10 பேரளவே அந்நிலை எய்தினரென்றும் கண்டனர். கேடுற்ற குடும்பங்களிற் பிறந்தாரே முற்படத் தொடங்குவாராகலின் இவ்வேற்றுமை அக்குடும்பத்தால் வந்ததாகலாம் என்று மறுப்பாரும் உளர். அவர் கூற்றிலும் உண்மையுண்டு. ஆயினும் அது சிறுவனது குற்றத்தைக் குறைத்துச் சார்பின் வலியை மிகுவிப்பதேயன்றி எம் கொள்கைக்கு மாறாகாது.

இனி, அறியாப் பருவத்துக்கு வினையே இல்லை என்பார் தமக்குச் சான்றாக மகாபாரதத்து ஆதிபருவத்தில் வரும் மாண்டவியர் வரலாற்றைக் காட்டுவர். சிறுபருவத்தில் பூச்சிகளைத் துன்புறுத்திய குற்றத்திற்காகக் கழுவேற நேர்ந்த அம்முனிவர், சிறிய பிழைக்குப் பெருந்தண்டம் விதித்த தருமதேவனைச் சபித்து, 14 அகவை நிரம்புங்காறும் செய்தது பாவமாகாதென்று வரம்பு கட்டினர் என்பது அவ்வரலாறு. அவ்வரம்பு மிக்க கருணையுடையது. அதனை யாம் மறுக்கின்றிலேம். ஆயின் அது பாவத்துக்குக் கட்டிய வரம்பேயன்றி நஞ்சுக்குக் கட்டிய வரம்பன்று. சிறுவனென்று கருதி மது தன் தொழிலிற் குறைவதில்லை. எடை குறைந்த உடலிலும் முதிராத மூளையிலும் அது மிகுதியாகவே தொழிற்படும். எனவே, பாவமில்லை என்பதனால் இன்னும் பொறுத்திருக்கலாம் என்பது போதராது. அவனைக் காக்குங் கடன் பிறர்பால் முழுதும் வந்து சேரும் என்பதே போதரும்.

அப்பிறர் யாவர்? செய்வோன், செய்விப்போன், உடன்படுவோன் என வினைக்குரியாரை மூவராக வைத்து ஆராய்தல் நம் நாட்டு அறநூல் மரபு. புலான்மறுத்தலில் வள்ளுவனார், உண்பாரின்றேல் விற்பாரும் இலராவர் எனக் கொண்டு, உண்பவனிடத்தே குற்றத்தை நிலைநாட்டினர். சிறுவன் மதுவுண்டலில் அம்முறை தலைகீழாகின்றது. ஈண்டு வேட்கை முன்னரும் பொருள் பின்னருமாக வந்திலது. பொருள் முன்னே வைக்கப்பட்டது, வேட்கை பின்னே பிறந்தது. மாலைதோறும் தந்தை உண்பதனை மைந்தன் காண்கின்றான். சில இல்லங்களில் கடைக்குச் சென்று வாங்கிவருவதற்கும் அவனையே ஏவுகின்றனர். கள்ளுண்ணாமை அதிகாரம் நட்பாராய்தல், தீநட்பு, கூடாநட்பு என்பவற்றின் பின்னர், வரைவின் மகளிர்க்கும் சூதுக்கும் இடையே வைக்கப்பட்டுள்ளமை நோக்கத்தக்கது. மது தனியே வருவதொன்றன்று, கூட்டத்தோடு வருவதென்பது அவ்வைப்புமுறையாற் பெறப்படும். சார்ந்ததன் வண்ணமாதல் உயிர்க்கு இயல்பென்பது சித்தாந்தம். முதிர்ந்தோர்க்கே அஃது இயல்பாயின், இளையோர்க்குக் கூறவேண்டா.

நாட்டுச் சட்டமும் இவ்வகையில் அறநூலோடு ஒத்து நிற்கின்றது. 2015-ஆம் ஆண்டின் இளஞ்சிறார் நீதிச் சட்டம், 18 அகவை நிரம்பாதார்க்கு மருத்துவர் ஆணையின்றி மதுவைக் கொடுத்தானுக்கு 7 ஆண்டுவரை கடுஞ்சிறையும் ஒரு லட்சம் ரூபாய்வரை தண்டமும் விதித்தது. உண்ட சிறுவனை அது தண்டிக்கவில்லை. தமிழ்நாட்டில் 21 அகவை நிரம்பாதார்க்கு மதுவிற்றலும் விதியால் விலக்கப்பட்டுளது. ஆயின் விற்பவர் யாவர்? 1937-இல் சேலம் ஜில்லாவில் மதுவிலக்குத் தொடங்கி, 1948-இல் மாகாணமெங்கும் பரவி, 1971-இல் நிறுத்தப்பட்டு, 1974-இல் மீண்டு, 1981-இல் மறுபடியும் நீங்கிய இந்நாட்டில், 2003 முதல் அரசாங்கமே தன் வாணிபக் கழகத்தின் வாயிலாகச் சில்லறையாக விற்று வருகின்றது. விலக்குபவரும் விற்பவரும் ஒருவரேயாயின் விலக்கு வலியிழத்தல் இயல்பு. தந்தை தான் குடித்துக்கொண்டே மைந்தனைக் கடிந்தால் யாது விளையுமோ அதுவே ஈண்டும் விளையும். அரசியல் பேசுதல் எமது கருத்தன்று. உடன்படுவோர் யாவர் என்று எண்ணத் தொடங்கின் அவ்வெண்ணிக்கை வீட்டு வாயிலோடு நின்றுவிடாதென்பதற்கே இதனைக் கூறினாம்.

'18 அகவையில் வாக்களிக்கத் தகுதியுடையான், 21 அகவைகாறும் மதுவுண்ணத் தகுதியிலனாதல் யாங்ஙனம்?' என்று இளைஞர் வினாவுகின்றனர். வினா பொருளற்றதன்று. அமெரிக்க நாட்டில் இதுவே நிகழ்ந்தது. 1971-இல் ஆங்கு வாக்குரிமை 18 அகவையினர்க்கு நல்கப்பட, அதனைப் பின்பற்றி மதுவுண்ணும் அகவையினையும் பல மாகாணங்கள் குறைத்தன. இளையோர் வெறிமயக்கத்தில் வண்டியோட்டி மடிதல் கண்டு, 1984-இல் நாடு முழுவதற்கும் 21 என வரம்பு கட்டுதற்குச் சட்டஞ் செய்தனர். 1988-இல் எல்லா மாகாணங்களும் அதற்கு உட்பட்டன. வாக்களித்தல் புத்தியைப் பயன்படுத்துஞ் செயல். மதுவுண்டல் புத்தியை இழக்குஞ் செயல். பிழைபட அளித்த வாக்கை அடுத்த தேர்தலில் திருத்திக்கொள்ளலாம். இரண்டற்கும் ஒரே அகவை வேண்டுமென்பது ஒப்புமையில்லா இரண்டனை ஒப்பிட்டுரைத்தலாம்.

இத்துணையுங் கூறியதனால் சிறுவன்பால் வினை சிறிதுமில்லை என்பது எமது முடிபென்று கொள்ளற்க. அவன் மறைத்து உண்கின்றான். வாயின் நாற்றத்தை மாற்ற யாதானும் மென்று வருகின்றான். மறைத்தற்கு ஒன்றுண்டென்று அறிந்தவன் அது பழியென்பதனையும் ஓரளவு அறிந்தவனே. அவ்வளவிற்கு அவன் உரியவன். அவனுக்கு வினையே இல்லையென்று கூறுவது இரக்கம்போலத் தோன்றினும், அவன்பால் அறிவே இல்லை என்று கூறியவாறாம்; அறிவில்லாதவிடத்து உபதேசமும் பயன்படாது. கடிந்துரைத்தற்கு இடனாக நிற்பது அவனுடைய அச்சிறு பங்கேயாகலின், அதனை அழித்துவிடலாகாது; பெரிதாக்கி அவன் தலையில் முழுதும் ஏற்றுதலும் ஆகாது.

இனிப் பாடசாலையினின்று விலக்கலாமோ என்னும் வினா. எட்டாஞ் சூத்திரத்தில் வேடரிடை வளர்ந்த மன்னவன் மகனை நினைவு கூர்க. தன்னை அறியாது வேடர் தொழிலையே தன் தொழிலென்று கருதி வாழ்ந்த அவனைக் குரவன் வந்து பிரித்தெடுத்து உண்மை உணர்த்தினன். வேடரிடை வளர்ந்தாய் என்று பழித்து மீட்டும் வேடரிடத்தே துரத்தினான் அல்லன். மதுவுண்டான் என்னுங் காரணத்தால் மாணாக்கனை வெளியேற்றும் கல்விநிலையம் அவனை எங்கே அனுப்புகின்றது? மது எங்கிருந்து வந்ததோ அங்கேயே. அதுவும் பகலெல்லாம் தொழிலின்றித் திரியும் நிலையினனாக. ஏனை மாணாக்கர் கெடாமைப் பொருட்டே இது செய்கின்றேம் எனின், அவ்வச்சம் நியாயமானதே. அதற்கு வேறு வழியுண்டு.

வடகடலிலுள்ள ஐஸ்லாந்து நாட்டில், 1998-ஆம் ஆண்டு 15, 16 அகவையினருள் நூற்றுக்கு 42 பேர் முந்திய ஒரு திங்களுள் வெறிகொள்ளக் குடித்தவராயிருந்தனர். 2016-இல் அத்தொகை 5 ஆகக் குறைந்தது. மதுவின் தீமையைப் பள்ளியில் ஓதுதலொன்றையே நம்பாது, அந்நாட்டார் சிறாரது சார்பை மாற்றப் புகுந்தனர். இரவில் குறித்த பொழுதின்மேல் சிறார் வெளியிற் றனியே திரியலாகாதென்னும் விதியைக் கடைப்பிடித்தனர். பெற்றோர் தம்முட்கூடி உடன்படிக்கை செய்து, மைந்தரோடு மிகுதியும் உடனிருந்தனர். விளையாட்டுக்கும் இசைக்கும் நகரசபைகள் பொருளுதவின. சித்தாந்தம் அறியாத அந்நாட்டார் சார்பறிந்து செய்தது இது. அறிந்த நாம் செய்யாதிருத்தற்குக் காரணம் காண்கிலேம்.

நம் நிலையங்களில் ஒரு மாணாக்கன் மதுவுண்டமை தெரிந்தவழி, ஆசிரியர் முதற்கண் அழைக்கத்தக்கவர் அவன் தந்தையும், அவனுக்கு முதன்முதல் ஊற்றித் தந்தவரும் ஆவர். அவரை வினாவாது அவனையே பன்முறை வினாவுதல் வேரை விடுத்து இலையைக் கிள்ளுதலாம். மாலைப்பொழுதே பெரிதும் வழுவுதற்கிடமாகலின், அப்பொழுதில் அவனுக்குத் திருமுறைப் பண்ணோ, உழவாரப்பணியோ, பந்தாட்டமோ ஒன்று ஆசிரியர் உடனிருப்ப அமைதல் வேண்டும். உண்ணாவழிக் கைந்நடுக்கமும் உறக்கமின்மையும் காணப்படுமாயின் அது மருத்துவர்க்குரியது. கடிந்துரைத்தல் அங்கே பயன்படாது. அவன்றான் இளைய மாணாக்கர்க்கு ஊற்றிக் கொடுக்கத் தொடங்கின், அவன் நிலை செய்வோன் என்பதனின்று செய்விப்போன் என்பதற்கு மாறுகின்றது. அந்நிலையில் விடுதியினின்று அவனைப் பிரித்துவைத்தல் தகும். அப்பொழுதும் பாடத்தினின்று பிரித்தல் தகாது.