தந்தத்தில் படிந்த தூசு

செதுக்காத தந்தத் துண்டில் எதுவும் பதிவாகவில்லை. அதே தந்தத்தில் செதுக்கிய சதுரங்கக் காயில் பதிவாகிறது. பலகையிலிருந்து பெயர்ந்த மரச் சிராயில் இல்லை. மர அடிக்கோலில் இருக்கிறது. பிலிப் புல்மேனின் ‘ஹிஸ் டார்க் மெட்டீரியல்ஸ்’ முத்தொகுதியின் இரண்டாம் நூலில் (1997) மேரி மலோன் என்ற இயற்பியலாளர் லைரா என்ற சிறுமியிடம் விவரிக்கும் சோதனை இது. அவர் தேடியது கரும்பொருள். கிடைத்ததோ, நினைக்கிறவர்களிடம் வந்து சேரும் ஒருவகைத் துகள். லைராவின் உலகத்தில் அதற்குத் ‘தூசு’ என்று பெயர். பெரியவர்கள்மேல் திரளாகப் படியும், குழந்தைகள்மேல் அவ்வளவாகப் படியாது. அங்கே ஆட்சி செலுத்தும் திருச்சபை இதை ஆதிப் பாவத்தின் கண்கூடான சான்று என்று முடிவு கட்டிவிடுகிறது. வேறோர் உலகத்தில், வட்டமான விதைக் காய்களைச் சக்கரமாக்கி உருண்டோடும் மூலெஃபாக்கள் அதே துகளை ‘ஸ்ராஃப்’ என்கிறார்கள். அவர்கள் கண்ணுக்கே அது தெரியும். தங்களுக்கு நினைவும் அறிவும் வந்தது அதனோடுதான் என்பது அவர்களுடைய மரபு.

இந்தக் கற்பனைத் தத்துவத்தை, எல்லாப் பொருளிலும் உணர்வு உறைகிறது என்ற கொள்கையோடு சேர்த்துவிடுவது வழக்கம். அந்தக் கொள்கைமேல் தமக்குள்ள நாட்டத்தைப் புல்மேனும் மறைத்ததில்லை. ஆனால் அந்தத் தந்தத் துண்டு அதற்கு இடங்கொடுக்கவில்லை. எல்லாவற்றிலும் உணர்வு இருக்குமானால் செதுக்காத துண்டிலும் ஏதாவது பதிவாகியிருக்க வேண்டும். ஒருவர் கவனத்தைச் செலவழித்த இடத்தில்தான் தூசு படிகிறது. புதைந்து கிடக்கும் கனிமத்தைவிட, உழுது பண்படுத்திய மண்ணுக்கே அது நெருக்கம். மூன்றாம் நூலில் (2000) தூசு உலகங்களைவிட்டு வழிந்தோடுகிறது, மூலெஃபாக்களின் மரங்கள் பட்டுப்போகின்றன. அதற்குப் பரிகாரமாகச் சொல்லப்படுவதும் இதுதான்: உலகங்களுக்கு இடையே வெட்டப்பட்ட திறப்புகளை மூடுவது, பிறகு மக்கள் ஆராய்ந்தும் அன்போடும் வாழ்ந்து தூசைப் புதிதாக உண்டாக்குவது. செய்யச் செய்ய உண்டாவது, செய்யாவிட்டால் தீர்ந்துபோவது. உணர்வைப் பற்றிய இப்படியொரு பார்வை, ஆன்மா அழியாதது என்னும் உறுதியைவிட நம்மேல் அதிகப் பொறுப்பை ஏற்றுகிறது என்று நான் கருதுகிறேன்.

இதை மறுப்பவர்கள் தேவதூதர்களைக் காட்டுவார்கள். தூசு திரண்டு உருவானவர்கள் அவர்கள், மனிதருக்கு முந்தியவர்கள், மேரியின் கணினித் திரையில் சொற்களாகப் பதில் எழுதுகிறவர்கள். எவர் கவனமும் படுவதற்கு முன்பே துகளுக்குப் பேசத் தெரியுமென்றால், பண்படுத்திய மண் என்ற வாதம் என்னாவது? வலுவான மறுப்புதான். ஆனால் பொருள் தன்னைத்தான் அறியத் தொடங்குகிற அந்த நிகழ்வையே தூசு என்று நூல் அழைக்கிறது. பார்வைக்குப் பெயர்ச்சொல், இயல்பில் வினைச்சொல். முதல் தேவதூதரும் அந்த வினையின் விளைவே தவிர, அதற்கு முந்தியவர் அல்லர். இரண்டாவது மறுப்பு பழையது. சின்னஞ்சிறு உணர்வுகளைக் கூட்டினால் ஒரே மனம் எப்படி வரும் என்று 1890-இல் வில்லியம் ஜேம்ஸ் எழுப்பிய சிக்கல் இன்றும் தீரவில்லை. புல்மேன் அதைத் தீர்க்கவில்லை, ஆனால் கேள்வியின் அடிப்படையை அசைக்கிறார். லைராவின் உலகத்தில் ஒவ்வொருவரோடும் விலங்கு வடிவில் ஒரு டீமன் கூடவே நடக்கிறது, வாதாடுகிறது, கோபித்துக்கொள்கிறது. அங்கே ‘நான்’ என்பதே இருவர் பேச்சு. மனம் ஒன்றே என்ற எடுகோளை விட்டால், அது எப்படி ஒன்றாயிற்று என்ற கேள்வியின் பிடியும் தளர்கிறது. கதாசிரியர் தாமே எழுதிக்கொண்ட சோதனை முடிவு எப்படிச் சான்றாகும் என்றும் கேட்கலாம். நம் வீட்டுச் சதுரங்கக் காயைப் பற்றி அது எதையும் நிறுவாது. ஒரு கொள்கையை நம்பினால் எதையெல்லாம் ஏற்க வேண்டிவரும் என்பதைக் காட்டும்.

அப்படி ஏற்க வேண்டியதில் மிகக் கனமானது முதல் நூலில் (1995) இருக்கிறது. தூசு படியாமல் தடுக்கப் போல்வங்கர் என்ற இடத்தில் குழந்தைகளையும் டீமன்களையும் வெட்டிப் பிரிக்கிறார்கள். பிரிக்கப்பட்ட டோனி மக்காரியோஸ் என்ற சிறுவன், தன் டீமனான ரேட்டர் இருந்த இடத்தில் ஒரு காய்ந்த மீனை மார்போடு அணைத்தபடி கிடக்கிறான். பேசுகிறான், மூச்சு விடுகிறான், உடலில் பெரிய காயமில்லை. அவனைப் பார்க்கப் பெரியவர்களே நடுங்குகிறார்கள். இரவு தாண்டுவதற்குள் இறந்துபோகிறான். அந்த மீனையும் யாரோ எடுத்துவிட்டதை அறிந்து லைரா கொதித்தெழுகிறாள். தன் கல்லூரி நிலவறையில், இறந்த அறிஞர்களின் மண்டையோடுகளோடு அவரவர் டீமனின் உருவம் பொறித்த வில்லைகளை அவள் பார்த்திருக்கிறாள். ஒரு நாணயத்தைக் கேட்டு வாங்கி, கத்தி முனையால் அதில் ரேட்டரின் பெயரைக் கீறி, டோனியின் வாயில் வைக்கிறாள். மேரியின் கருவி அங்கே இருந்திருந்தால் அந்த நாணயத்திலும் தூசு பதிவாகியிருக்கும்.