மௌனம் சம்மதமாகுமா?



நம் திருவண்ணாமலையில் பெரியவர் ஒருவர் இருக்கிறார். அவர் மனைவி காலமாகி ஐந்து மாதங்கள் ஆகின்றன. சென்ற வாரம் அவர் பாங்குப் புத்தகத்தைக் கையில் எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார். இருவர் பெயரிலும் இருந்த கணக்கு அது. மாதந்தோறும் ஒரே தேதியில் ஒரே தொகை கணக்கிலிருந்து போயிருக்கிறது. எதிரில் ஏதோ ஆங்கில எழுத்துகள். "இது என்ன தம்பி?" என்று கேட்டார்.

விசாரித்ததில் விஷயம் விளங்கிற்று. விடுமுறைக்கு வந்திருந்த பேரன் கிரிக்கெட் பார்ப்பதற்காக, பாட்டியின் செல்போனில் சினிமாவும் விளையாட்டும் காட்டும் ஓர் ஓ.டி.டி. நிறுவனத்துக்குச் சந்தா கட்டியிருக்கிறான். முதல் மாதம் இலவசம். பிறகு அவன் பெங்களூருக்குப் போய்விட்டான். பாட்டி அதைத் திறந்து பார்த்ததே இல்லை. ஆனாலும் பணம் போய்க்கொண்டே இருந்தது. அவர் உயிரோடு இருந்தபோது போயிற்று. அவரை அடக்கம் செய்த பிறகும் போயிற்று. சிறு தொகைதான், அரைக் கிலோ ஆட்டுக்கறிக்கும் போதாது. பெரியவர் தொகையைப் பற்றிக் கேட்கவில்லை. "அவள்தான் இல்லையே, யாரைக் கேட்டு எடுக்கிறார்கள்?" என்றுதான் கேட்டார்.

இந்தக் கேள்வியை இலேசாக எண்ணிவிட வேண்டாம். யாரைக் கேட்டு எடுக்கிறார்கள்? நிறுவனத்தாரைக் கேட்டால், "வேண்டாம் என்று சொல்லவில்லையே, ஆகையால் வேண்டும் என்றே கொண்டோம்" என்பார்கள். மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி என்று நம்மிடையே பழமொழியும் இருக்கிறது. திருச்சபையின் பழைய சட்டத்திலும் இது உண்டு. 1298-ஆம் ஆண்டில் எட்டாம் போனிபாஸ் பாப்பரசர் வெளியிட்ட சட்டத் தொகுப்பின் முடிவில் 88 நீதி விதிகள் இருக்கின்றன. அவற்றில் 43-ஆவது விதி, பேசாதிருப்பவன் சம்மதிப்பதாகக் கருதப்படுவான் என்ற கருத்துடையது. ஆனால் அதை எடுத்துக்காட்டுகிறவர்கள் அடுத்த விதியைப் படிப்பதில்லை. பேசாதிருப்பவன் ஒப்புக்கொண்டவனும் அல்லன், மறுத்தவனும் அல்லன் என்பது 44-ஆவது விதியின் கருத்து. இரண்டையும் அடுத்தடுத்து வைத்தவர்கள் புத்திசாலிகள்.

ஒரு காரியத்துக்குச் சம்மதம் வேண்டுமானால் அறிவு வேண்டும், சித்தம் வேண்டும் என்று சிறுவயதில் ஞானோபதேச வகுப்பில் படித்தோம். தெரிந்தவன், பேசக்கூடியவன், பேச வேண்டிய இடத்தில் பேசாதிருந்தால் அவன் மௌனத்துக்குப் பொருள் உண்டு. தெரியாதவனின் மௌனத்துக்கு என்ன பொருள்? இறந்தவரின் மௌனத்துக்கு? கலியாணத்தில் மணப்பெண் தலைகுனிந்து நிற்பதைக் கொண்டு சம்மதம் என்று குருவானவர் எழுதிக்கொள்வதில்லை. வாயைத் திறந்து சொல்லும்படி கேட்கிறார்.

முன்னாளில் சந்தா எப்படி இருந்தது என்று ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். பால்காரர் வாசலுக்கு வருவார். "நாளையிலிருந்து அரை லிட்டர் போதும்" என்றால் தீர்ந்தது. பேப்பர் போடும் பையனிடம், "ஊருக்குப் போகிறோம், பத்து நாள் வேண்டாம்" என்போம். கேபிள் டி.வி.க்காரர் மாதம் பிறந்ததும் ரசீதுப் புத்தகத்தோடு வந்து நிற்பார். 2011-ல் அரசு கேபிள் 70 ரூபாய்க்கு வந்தபோது அந்த 70 ரூபாயையும் ஒருவர் வந்து கேட்டுத்தான் வாங்கினார். அவர் வாசலில் நிற்பதே ஒரு கேள்வி: இந்த மாதமும் வேண்டுமா? நாம் பணத்தை நீட்டுவதே பதில். சில மாதம் அவரைக் கண்டதும் கதவைச் சாத்திக்கொண்டவர்களும் உண்டு. அது வேறு பாவம், அதைப் பிறகொரு நாள் பேசுவோம்.

இப்போது கேள்வி ஒருமுறைதான் கேட்கப்படுகிறது. அதுவும், "ஒரு மாதம் இலவசம்" என்ற சர்க்கரை தடவி.

கேள்வி நின்றதனால் இலாபம் யாருக்கு? அமெரிக்கப் பொருளியலார் மூவர், ஐனாவ், க்ளோபக், மஹோனி என்போர், இதை ஆராய்ந்து 2023-ல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். பத்துச் சந்தா சேவைகளை எடுத்துக்கொண்டு, வாடிக்கையாளரின் பாங்கு அட்டை மாறும் மாதத்தில் என்ன நடக்கிறது என்று பார்த்தார்கள். அட்டை மாறினால் புது எண்ணைத் தாமே கொடுத்தாக வேண்டும். அதாவது கேபிள்காரர் மறுபடி வாசலில் வந்து நிற்கிறார். அந்த மாதத்தில் சந்தாவை விடுகிறவர்கள் திடீரென்று பெருகினார்கள். மக்களின் கவனக்குறைவினால் மட்டும் இந்தச் சேவைகளின் வருமானம் 14 சதவீதம் முதல் 200 சதவீதத்துக்கு மேல் வரையும் கூடுகிறது என்று கணக்கிட்டார்கள். விற்பது சினிமா என்று நாம் நினைக்கிறோம். ஓரளவு நம் மறதியே விற்பனையாகிறது.

நிறுவனத்தாருக்கு இது தெரியாது என்று சொல்ல முடியாது. நீங்கள் எந்தப் படத்தை எந்த நிமிடத்தில் நிறுத்தினீர்கள் என்பதுகூட அவர்களிடம் இருக்கிறது. ஒருவர் ஓராண்டாக ஒன்றும் பார்க்கவில்லை என்பதா தெரியாது? மனமிருந்தால் வழியும் உண்டு. 2020 மே மாதத்தில் நெட்பிளிக்ஸ் நிறுவனம், சேர்ந்தது முதல் ஓராண்டாக ஒன்றுமே பார்க்காதவர்களையும், இரண்டாண்டாகப் பார்ப்பதை நிறுத்தியவர்களையும் தானே கேட்டு, பதில் வராவிட்டால் சந்தாவை நிறுத்திவிடுவதாக அறிவித்தது. மொத்தக் கணக்குகளில் அவை அரை சதவீதத்துக்கும் குறைவு என்றும் சொல்லிற்று. ஒரு வருடம் என்பது நீண்ட காலம்தான், ஆனாலும் கவனியுங்கள்: அங்கே மௌனம் "வேண்டாம்" என்று கொள்ளப்பட்டது. அப்படியும் கொள்ளலாம் அல்லவா?

இதற்கு எதிரான உதாரணமும் உண்டு. அமெரிக்காவில் அமேசான் நிறுவனத்தின் பிரைம் சந்தாவை விட்டு வெளியேறும் வழிக்கு அந்நிறுவனத்துக்குள் இட்ட பெயர் "இலியட்" என்று, 2023-ல் அந்நாட்டு வர்த்தக ஆணையம் தொடுத்த வழக்கில் சொல்லப்பட்டது. இலியட் என்பது ட்ராய் நகரத்து நெடும் போரைப் பாடும் கிரேக்கக் காவியம். அத்தனை பக்கங்கள், அத்தனை கேள்விகள்! 2025 செப்டம்பரில் அந்நிறுவனம் 250 கோடி டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டது; அதில் 150 கோடி வாடிக்கையாளருக்குத் திருப்பித் தருவதற்கு.

நம் ஊரில் கிரிவலம் புறப்படுகிறவர் 14 கிலோமீட்டர் நடக்க வேண்டும். பாதி வழியில், அடி அண்ணாமலையில் கால் வலித்தால், சாதாரண நாளில் ஓர் ஆட்டோ ஏறி ஊர் திரும்பிவிடலாம். "நிச்சயமாகத்தான் போகிறீர்களா? இன்னொரு முறை யோசியுங்கள்" என்று யாரும் மறிப்பதில்லை. ஜெர்மனியில் 2022 ஜூலை முதல் சட்டமே இப்படித்தான் சொல்கிறது: இணையத்தில் சந்தா சேர்க்கிறவர்கள், அதை நிறுத்துவதற்கும் தெளிவான ஒரு பொத்தானை அங்கேயே வைத்தாக வேண்டும்.

நமது நாட்டிலும் சட்டம் உறங்கவில்லை. 2021 அக்டோபர் 1 முதல் ரிசர்வ் பாங்கின் விதிப்படி, இப்படித் தானாகப் போகும் பணத்துக்கு 24 மணி நேரம் முன்னதாக அறிவிப்பு வர வேண்டும். வேண்டாம் என்றால் நிறுத்த வழியும் இருக்க வேண்டும். 2023 நவம்பரில் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 13 வகையான இணைய ஏமாற்றுகளைத் தடை செய்தது. சந்தாவை நிறுத்தும் வழியை ஒளித்து வைப்பதும் சுற்றி வளைப்பதும் அவற்றில் ஒன்று. "சந்தாப் பொறி" என்று அதற்குப் பெயர். நல்ல பெயர். எலிப்பொறியிலும் நுழையும் வழி மட்டுமே இலேசு.

கடைத்தெருவில் தராசைத் தட்டிக் கொடுக்கிறவனை நாம் திருடன் என்கிறோம். சேர்கிற பொத்தானைப் பெரிதாகவும் பளிச்சென்றும், விலகுகிற எழுத்தைச் சாம்பல் நிறத்தில் பொடியாகவும் அமைப்பது தட்டின தராசு அல்லாமல் வேறென்ன? சென்னையிலும் பெங்களூரிலும் கம்ப்யூட்டர் வேலை பார்க்கும் நம் வீட்டுப் பிள்ளைகளே, உங்களில் யாராவது ஒருவர் கையாலும் இப்படியொரு பக்கம் உருவாகலாம். மேலதிகாரி சொன்னார் என்பீர்கள். தராசைத் தட்டும் கடைப்பையனும் முதலாளி சொன்னதாகத்தான் சொல்லுவான்.

சரி, நம் பக்கம் குற்றமே இல்லையா? இருக்கிறது. தெரிந்தும், "இருக்கட்டும், அடுத்த மாதம் பார்க்கலாம்" என்று விடுகிறவர் தம் மௌனத்துக்கு உத்தரவாதி. ஒரு மாதம் இலவசமாகப் பார்த்துவிட்டு நிறுத்துவது தவறா என்று ஒருவர் என்னைக் கேட்டார். தவறில்லை, அவர்களே கொடுத்தது. ஆனால் மாதத்துக்கொரு புது நம்பரில், புதியவர்போல் சேர்ந்துகொண்டே இருப்பது பொய் சொல்வதுதான்.

ஆகையால் நிறுத்த நினைக்கிறவர்கள் இன்றே நிறுத்துங்கள். செல்போனிலிருந்து ஆப்பை அழித்துவிட்டால் சந்தா நின்றுவிடும் என்று அநேகர் நம்புகிறார்கள். நிற்காது. ஜன்னலைச் சாத்தினால் மீட்டர் ஓடுவது நிற்குமா? முதலில், பணம் எந்த வழியாகப் போகிறது என்று கண்டுபிடியுங்கள். நிறுவனத்திடம் நேரே கட்டியிருந்தால், அவர்களுடைய இணையதளத்திலோ ஆப்பிலோ நம் கணக்குப் பகுதிக்குள் போய் நிறுத்த வேண்டும். கூகுள் பிளே ஸ்டோர் வழியாகக் கட்டியிருந்தால், அங்கே நம் படத்தைத் தொட்டு, பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் என்ற இடத்துக்குப் போக வேண்டும். ஐபோன் என்றால் செட்டிங்க்ஸில் நம் பெயரைத் தொட்டால் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் தெரியும். யு.பி.ஐ. மூலம் போகிறதென்றால், சந்தாவை நிறுத்திய பிறகு, பணம் அனுப்பும் ஆப்பில் ஆட்டோ பே என்ற பகுதியையும் பார்த்து, அங்கேயும் ரத்து செய்துவிடுங்கள். செல்போன் ரீசார்ஜோடு சேர்ந்து வந்த சந்தாவானால் கவலை வேண்டாம். பொதுவாக அந்தப் பிளானோடு அதுவும் முடியும். நிறுத்திவிட்டதாக வரும் மெசேஜை அழிக்காமல் வைத்திருங்கள். பெரும்பாலும் கட்டின காலம் முடியும்வரை பார்க்கலாம், ஆதலால் கடைசி நாளுக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. அதற்கும் மசியாவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண் இருக்கிறது.

அக்கம்பக்கத்தில் பிள்ளைகள் வெளியூரில் இருக்கும் முதியவர்கள் உண்டு. அவர்களுடைய பாங்குப் புத்தகத்தை அவர்கள் அனுமதியோடு ஒருமுறை சேர்ந்து பாருங்கள். நாலு வரி வாசித்துச் சொல்வதற்கு எவ்வளவு நேரமாகும்?

பெரியவரின் கதைக்கு வருகிறேன். சட்டப்படி வர வேண்டிய முன்னறிவிப்பு வந்ததா என்று பார்க்க, அவர் மனைவியின் செல்போனைக் கேட்டேன். எடுத்து வந்தார். அதைத் தினமும் சார்ஜ் போட்டு வைத்திருக்கிறார். யாராவது கூப்பிட்டால் அவள் போய்விட்ட சேதியைச் சொல்ல வேண்டுமே என்று. அறிவிப்புகள் எல்லாம் வந்திருந்தன, மாதம் ஒன்று, தவறாமல். எல்லாம் ஆங்கிலத்தில். பெரியவருக்குத் தமிழ் மட்டுமே வாசிக்கத் தெரியும்.

இருவருமாக உட்கார்ந்து நிறுத்தினோம். நாலைந்து பக்கம் கடந்தபின், ஏன் விலகுகிறீர்கள் என்று ஒரு கேள்வி வந்தது. பதிலையும் அவர்களே எழுதி வைத்திருந்தார்கள்: விலை அதிகம், பிடித்த படங்கள் இல்லை, வேறு சேவைக்கு மாறுகிறேன், படம் சரியாக ஓடவில்லை. ஒவ்வொன்றாகத் தமிழில் சொன்னேன். பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, "இதில் எதைச் சொல்வது தம்பி?" என்றார். கடைசியில் இருந்த "இதர காரணங்கள்" என்பதைத் தொட்டேன்.