ரம்பத்தைப் பறிப்பவர்கள்

பிலிப்பைன்ஸின் பலவான் தீவில், புவேர்ட்டோ பிரின்சேசா நகரத்து அலுவலகம் ஒன்றின் வாசலில் மரம் அறுக்கும் இயந்திர ரம்பங்களைக் கோபுரமாக அடுக்கி வைத்திருந்தார்கள். எல்லாம் காட்டில் பறித்தவை. பறித்தவர்கள் அரசு ஊழியர்கள் அல்லர், சாதாரணக் கிராமத்தார். முன்பு தாங்களே கள்ளமரம் வெட்டியவர்களும் அவர்களில் உண்டு. வழக்கறிஞர் பாபி சான் வழிநடத்திய அந்தக் குழு 700-க்கும் மேற்பட்ட ரம்பங்களைக் கைப்பற்றியிருக்கிறது. கடலில் சயனைடு கலந்தும் வெடி வைத்தும் மீன் பிடிப்பவர்களையும் தடுத்திருக்கிறது.

இப்படிப் பறிப்பது நியாயமா?

சட்டம் இடம் தருகிறது. கண்ணெதிரே குற்றம் நடந்தால் குடிமக்களே பிடிக்கலாம் என்பது அந்நாட்டு விதி. பதிவு செய்யாத இயந்திர ரம்பத்தை வைத்திருப்பதே 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். ஆனாலும் சட்டம் அனுமதித்துவிட்டதாலேயே மனம் சமாதானம் அடைந்துவிடாது. காட்டுக்குள் ரம்பத்தோடு நிற்பவன் பெரும்பாலும் ஏழை, அன்றாடக் கூலிக்கு அறுக்கிறவன். மரத்தை வாங்கி விற்பவனும் அதில் விடுதி கட்டுகிறவனும் அங்கே நிற்பதில்லை. ஏழையின் கருவியை இன்னொரு ஏழை பிடுங்குகிறான்.

இதை லேசாக ஒதுக்கிவிட முடியாது. இருந்தாலும் பறிப்பதே சரி. வெட்டிய முதிர்ந்த மரத்துக்கு ஈடாக இன்னொன்று வளர ஒரு மனித ஆயுள் போதாது. மலையில் மரம் போனால் மழையோடு மண் இறங்கிப் பவளப்பாறைமேல் படிகிறது. அங்கே மீன் பிடித்துப் பிழைப்பவனும் ஏழைதான், அவனிடம் யாரும் ஒப்புதல் கேட்கவில்லை. இன்னும் பிறக்காத தலைமுறைக்காகவும் வழக்காடலாம் என்று 1993-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றமே ஏற்றுக்கொண்டிருக்கிறது. மேலும், இவர்கள் கருவியை எடுக்கிறார்களே தவிர ஆளை அடிப்பதில்லை. அந்த வரம்பைத் தாண்டினால் இந்த நியாயமும் போய்விடும்.

உண்மையில் உறுத்துவது வேறு. 2017 செப்டம்பரில் பலவானின் எல் நிடோ பகுதியில், கிராம மன்ற உறுப்பினரும் இந்தக் குழுவைச் சேர்ந்தவருமான ரூபன் அர்சகா, கள்ளமரம் வெட்டுவதைத் தடுக்கப் போன இடத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். துப்பாக்கி உள்ள அரசுக் காவலர்கள் செய்யவேண்டிய வேலையை அது இல்லாதவர் செய்து உயிரைக் கொடுத்தார். அவரை வீரர் என்று போற்றுவது சரிதான். போற்றியதோடு நிறுத்திக்கொண்டால், அடுத்தவரையும் அப்படியே அனுப்பிவைக்கச் சம்மதித்தவர்கள் ஆகிறோம். பலவானின் கடற்கரை அழகைப் பார்க்க விமானம் ஏறிப் போகிறவர்களுக்கும் இதில் பங்குண்டு. அந்த அழகு யார் காவலில் நிற்கிறது என்று அவர்கள் கேட்கவேண்டும்.

எல் நிடோவுக்குப் போகிற பயணிகளிடம் சுற்றுச்சூழல் கட்டணம் வாங்குகிறார்கள். அர்சகாவைப் போலக் கொல்லப்பட்டவர்களின் குடும்பத்துக்கும், ரம்பத்தை இழந்தவன் வேறு தொழில் தொடங்குவதற்கும் அதில் ஒரு பங்கு போகவேண்டும்.