அந்தச் சிரிப்பை என்ன செய்வது?

1944 மே மாதம். நெதர்லாந்தின் வெஸ்டர்போர்க் முகாமில் ஒரு ரயில் நிற்கிறது. பெட்டி படுக்கையோடு மனிதர்கள் ஏறுகிறார்கள். சிலர் கையசைக்கிறார்கள், சிலர் சிரிக்கவும் செய்கிறார்கள். தங்களை ஏற்றிய சரக்குப் பெட்டியின் கதவை மூட உள்ளேயிருப்பவர்களே கை கொடுக்கிறார்கள். ரயில் போவது ஆஷ்விட்சுக்கு.

படம் எடுக்கச் சொன்னவர் முகாமின் நாஜித் தளபதி கெமெக்கர். கேமராவைப் பிடித்தவர் ருடால்ஃப் ப்ரெஸ்லாவர் என்ற யூதக் கைதி. அவரும் அதே ஆண்டு அனுப்பப்பட்டார், உயிரோடு திரும்பவில்லை.

ஜெர்மன் இயக்குநர் ஹாரூன் ஃபரோக்கி இந்தச் சுருள்களை மட்டும் வைத்து 2007இல் ஒரு படம் செய்தார். ஆங்கிலத்தில் 'ரெஸ்பைட்', நம் மொழியில் 'அவகாசம்' எனலாம். சுமார் 40 நிமிடம். இசை, குரல் எதுவும் கிடையாது. இடையிடையே எழுத்தில் ஓரிரு வரி, அவ்வளவுதான்.

வெஸ்டர்போர்க் ரயில் காட்சி பலருக்குப் பழக்கமானது. அலென் ரெனேயின் 'நைட் அண்ட் ஃபாக்' படத்திலேயே அது வந்துவிட்டது. ஆனால் அதே சுருள்களில் பல் மருத்துவமனை இருக்கிறது, மேடை நிகழ்ச்சி இருக்கிறது, வயல்வேலைக்கு நடுவே புல்லில் படுத்து ஓய்வெடுப்பவர்கள் இருக்கிறார்கள். இதையெல்லாம் யாரும் அதிகம் தொடுவதில்லை. காட்டினால் முகாம் ஏதோ நல்ல இடம் போலத் தெரிஞ்சிடுமே என்ற பயம். நியாயமான பயம்தான். கெமெக்கருக்கு வேண்டியதும் அந்தத் தோற்றம்தானே?

ஃபரோக்கி அவற்றை ஒளிக்கவில்லை, இரண்டு முறை காட்டுகிறார். முதல் முறை, ஓய்வெடுப்பவர்கள் ஓய்வெடுப்பவர்கள்தான். இரண்டாம் முறை, நமக்குத் தெரிந்த பிணக்குவியல்களின் படங்கள் அதன்மேல் வந்து படிகின்றன. எனக்கு இதில் ஒரு நெருடல் உண்டு. அந்த நிமிடத்தில் அவர்கள் வெறுமனே களைத்துப்போன மனிதர்கள். அவர்களை முன்கூட்டியே பிணமாகப் பார்க்க நமக்கு என்ன உரிமை? ஆனால் வரிசையைக் கவனியுங்க. முதலில் அவர்களை வாழ விட்டுவிட்டுத்தான் அவர் நம் அறிவை உள்ளே அனுமதிக்கிறார். நாம் பொதுவாக இதைத் தலைகீழாகச் செய்கிறோம்.

அப்படிச் செய்தால் என்ன ஆகும் என்பதற்கு ஒரு முகம் சாட்சி. ரயில் கதவிடுக்கில் தலையில் துணி கட்டிய ஒரு சிறுமி, ஏழெட்டு விநாடிதான். பல பத்தாண்டுகள் 'யூதச் சிறுமி' என்றே உலகம் அவளுக்காக வருந்தியது. 1994இல் ஆட் வாகெனார் என்ற பத்திரிகையாளர் கண்டுபிடித்தார்: அவள் பெயர் செட்டெலா ஸ்டைன்பாக், வயது ஒன்பது, ஜிப்சிகள் என்று இழித்துச் சொல்லப்பட்ட சிந்தி இனத்தவள். அடையாளச் சின்னமாக ஆக்கும் அவசரத்தில் அவள் யார் என்று நாம் கேட்கவே இல்லை. நம் கண்ணீர் உண்மைதான். ஆனால் அந்தக் கண்ணீரே அவளுடைய மக்களின் அழிவை மறைத்தும்விட்டது.

இதே சுருளில் ஒரு பெட்டியின் மேல் எழுதியிருந்த பெயரையும் பிறந்த தேதியையும் நிறுத்திப் படித்துத்தான், அந்த ரயில் மே 19ஆம் தேதி புறப்பட்டது என்று தெரியவந்தது. அழுவதைவிடக் கடினமான வேலை அது.

இன்னைக்குப் பழைய படத்துக்குக் கலர் அடிச்சு, சோக பிஜிஎம் போட்டு அரை நிமிட ரீலாக விடுவது சுலபம். என்ன உணரணும்னு இசை சொல்லிடுது, பார்க்கிற வேலை மிச்சம். செத்தவர்களுக்கு நாம் தர வேண்டிய முதல் மரியாதை இரக்கம் இல்லை, கவனம் என்று நினைக்கிறேன். அந்தச் சிரிப்பை வெட்டாமல் வைத்துக்கொள்ள வேண்டும். கொலைகாரன் எடுக்கச் சொன்ன படம்தான். ஆனாலும் சிரித்தது அவர்கள்.