வேடமும் வெளிவேடமும்



கோவிலுக்கு ஒழுங்காய் வந்துகொண்டிருந்த இளைஞர் சிலர் வராமல் நின்றுவிடும்போது, காரணம் கேட்டால், அநேகமாய் ஒரே பதிலைத்தான் சொல்லுகிறார்கள். "மனதில் பக்தி இல்லை, சுவாமி. இல்லாததை இருப்பதுபோல் காட்டி முழந்தாளில் நிற்பது நடிப்பல்லவா?" இதை வெறும் சாக்கென்று தள்ளிவிடலாகாது. சிலரிடத்தில் சாக்குத்தான், வேறு சிலரிடத்தில் நேர்மையான உள்ளத்தின் வேதனை. ஆகையால் நடிப்பென்பது என்ன, அது எப்போது பாவமாகிறது என்பதை இந்த வாரம் சற்று ஆராய்வோம்.

சேசுநாதர் பரிசேயரைக் கண்டிக்கும் இடங்களில் சுவிசேஷத்தின் கிரேக்க மூலத்திலுள்ள சொல்லுக்குப் பழைய பொருள், மேடையில் வேடம் தரித்து நடிப்பவன் என்பதே. தமிழில் 'வெளிவேடக்காரர்' என்றது எவ்வளவு பொருத்தம்! திருச்சபையும் வெகுகாலம் நடிகர்களைச் சந்தேகத்தோடுதான் பார்த்தது. நாலாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஸ்பெயின் நாட்டு எல்விராவில் கூடிய சங்கம், கூத்தாடி ஒருவன் விசுவாசியாக விரும்பினால் முதலில் தன் தொழிலைக் கைவிட வேண்டுமென்று விதித்தது. பாரிஸ் நகரில் மொலியேர் என்ற நாடகாசிரியர், தாமே மேடையேறி நடித்தவர், 1673-ல் இறந்தபோது இரவு வேளையில்தான் அடக்கம் செய்ய அனுமதி கிடைத்தது. அந்தக் கண்டிப்பு அளவு மீறியது என்றே நான் கருதுகிறேன்.

ஏனெனில் வேடம் வேறு, வெளிவேடம் வேறு. சீட்டு வாங்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பவன் ஏமாறுவதில்லை. மேடையிலிருப்பவன் ராஜா அல்ல என்று அவனுக்குத் தெரியும்.

இங்கிலாந்து தேசத்து நடிகர் அலெக் கின்னஸை எடுத்துக்கொள்வோம். 1914-ல் பிறந்து 2000-ல் மரித்த அவர், ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் நாடகத்திலும் திரைப்படத்திலும் தொலைக்காட்சியிலும் நடித்தார். தம் முகத்தை மறைத்துப் பாத்திரத்தை மட்டும் காட்டுவதே அவர் திறமை. 1948-ல் சிறுவர்களைத் திருடப் பழக்கும் கிழவன். மறு ஆண்டில் ஒரே படத்தில் ஒரு குடும்பத்தின் எட்டுப் பேர், அவர்களில் ஒருத்தி பெண். 1955-ல் சிறைப்பட்ட கர்தினால். 1972-ல் பாப்பரசர் மூன்றாம் இன்னசென்ட். அடுத்த ஆண்டே ஹிட்லர்! அறுபத்தைந்து வயதில், 1979-ல், பி.பி.சி. தொலைக்காட்சித் தொடரில் ஓய்வு பெற்ற உளவதிகாரி.

1954-ல் வெளிவந்த ஒரு படத்தில் அவர் பிரௌன் சுவாமி என்ற கத்தோலிக்க குருவானார். அந்தக் குருவைக் கதையில் படைத்தவர் செஸ்டர்ட்டன்; முதல் கதைத் தொகுதி வெளிவந்தது 1911-ல், அவர் கத்தோலிக்கரானதோ 1922-ல். எழுதியவருக்கும் குருவே முன்னால் வந்தார், விசுவாசம் பின்னால் வந்தது.

கின்னஸுக்கு அப்போது கத்தோலிக்க குருக்கள்மேல் நல்லெண்ணம் ஏதுமில்லை. பிரான்சில் பர்கண்டிப் பகுதியில் படப்பிடிப்பு. ஒரு மாலை, வேலை முடிந்து அங்கியைக் கழற்றாமலே விடுதிக்கு நடந்து போகிறார். இருட்டுகிற நேரம். எங்கிருந்தோ ஓடிவந்த ஒரு சின்னப் பையன் அவரைச் "சுவாமி" என்று அழைத்து, கையைப் பிடித்துக்கொண்டு, ஓயாமல் பேசியபடி துள்ளிக்கொண்டே கூட நடந்தான். தம் பிரெஞ்சு மொழி பிள்ளையைப் பயமுறுத்திவிடுமோவென்று இவர் வாய் திறக்கவில்லை. கடைசியில் பையன் வணக்கம் சொல்லி, வேலியிடுக்கில் புகுந்து மறைந்தான். முன்பின் தெரியாத ஒருவர்மேல், அங்கியைப் பார்த்த மாத்திரத்தில், பிள்ளைக்கு இவ்வளவு நம்பிக்கை வருமானால், இந்தத் திருச்சபை ஊரார் பேசுவதுபோல் சூழ்ச்சி நிறைந்ததாய் இருக்க முடியாதென்று அவர் எண்ணினார்.

கவனியுங்கள்: அந்த நம்பிக்கையைச் சம்பாதித்தவர் கின்னஸ் அல்ல. அந்தப் பாதையில் அவருக்குமுன் நடந்த உண்மையான குருக்கள் யாரோ சம்பாதித்து வைத்தது அது. அதே அங்கியை அணிகிற என்னால் இதை இலேசாய் வாசிக்க முடியவில்லை. பிள்ளைகளின் அந்த நம்பிக்கைக்குத் துரோகம் செய்த குருக்களும் இருந்தார்கள் என்பதை இக்காலத்தில் யாரும் மறைக்கலாகாது. அதுதான் வெளிவேடம்.

அங்கி ஒன்றே கின்னஸை மாற்றிவிட்டதா? இல்லை. ஹிட்லர் வேடம் போட்டவர் ஹிட்லராகிவிடவில்லையே! அவருடைய மகன் இளம்பிள்ளை வாதத்தால் கால் விளங்காமல் கிடந்த நாட்களில், வீட்டுக்குப் போகும் வழியிலிருந்த ஒரு கத்தோலிக்கக் கோவிலில் நுழைந்து உட்காருவார். பிள்ளை பிழைத்து நடந்தால், அவன் கத்தோலிக்கனாக விரும்பும்போது தடுப்பதில்லை என்று நேர்ந்துகொண்டார். பிள்ளை குணமடைந்தான், வளர்ந்து, தானே கேட்டான், தகப்பன் தடுக்கவில்லை. 1956-ல் தாமும் திருச்சபையில் சேர்ந்தார். மறு ஆண்டு அவர் இலங்கையில் கிவாய் நதிப் பாலத்தைப் பற்றிய படத்தில் நடித்துக்கொண்டிருக்கையில், மனைவியும் கத்தோலிக்கரான செய்தி போய்ச் சேர்ந்தது.

இனி நம் இளைஞருக்கு வருவோம். காய்ச்சலோடு அடுப்படியில் நிற்கும் தாய், பிள்ளையைப் பார்த்துச் சிரிக்கிறாள். அது நடிப்பா? வேலையிடத்தில் அவமானப்பட்டு வந்த தகப்பன், வாசலில் ஒரு நிமிஷம் நின்று மூச்சு விட்டு, சாந்தமாய் உள்ளே வருகிறான். அவனை வெளிவேடக்காரன் என்பாருண்டோ? கல்கத்தா அர்ச். தெரேசாளின் கடிதங்கள் 2007-ல் வெளிவந்தபோது, பல பத்தாண்டுகள் அவள் உள்ளம் இருண்டு கிடந்தது உலகுக்குத் தெரிந்தது. ஆனாலும் அவள் நாள்தோறும் விடியுமுன் எழுந்து செபித்தாள். பக்திச் சுவை நம் கையிலில்லை; முழந்தாளிடுவது நம் கையிலிருக்கிறது.

திருவிழாவில் முன்னால் நின்று குடை பிடித்து, மறுநாள் கடன்காரன் வீட்டுப் பாத்திரத்தைத் தூக்கி வருகிறவன் கதை வேறு. தான் காட்டுகிறபடி ஆகவேண்டுமென்ற எண்ணமே அவனுக்கில்லை. அந்தத் தம்பிக்கோ ஆகவேண்டுமென்ற ஆசை இருக்கிறது, முடியவில்லையே என்ற துக்கமும் இருக்கிறது.

அப்படிப்பட்டவர் பூசைக்குப் பின்வரிசையில் வந்து உட்காரட்டும். பாட மனமில்லாவிட்டால் பாட வேண்டாம். பெற்றோர் வீட்டுக்குப் போனதும் குறுக்கு விசாரணை செய்யாதிருங்கள். வாதாட விரும்புகிறவர்களுக்கு, சனிக்கிழமை பாவசங்கீர்த்தனம் முடிந்தபின் அறைவீட்டுத் திண்ணையில் நான் இருப்பேன்.