விடைத்தாளும் வழக்கும்

மானாவாரிக் கரிசலில் பருத்தியும் உளுந்தும் விதைத்து, மழை பொய்த்த ஆண்டுகளில் தீப்பெட்டி ஆபீஸ் கூலியைக்கொண்டே காலம் தள்ளும் கோவில்பட்டிச் சீமைக் குடும்பமொன்றில், முதன்முதலாகக் கல்லூரி வாசலை மிதித்த பிள்ளைக்கு ஒரு பாடத்தில் விழுகின்ற அரியர், அவ்வீட்டின் அடுத்த ஆறுமாதக் கணக்கையே நிலைகுலையச் செய்துவிடும். ஆகையால், நன்றாக எழுதியிருந்தும் திருத்தியவர் பிழைசெய்தார் என்று நம்புகிற மாணவர், மறுமதிப்பீட்டுக்கு ஆணை வேண்டி உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையை அணுகுவது நியாயமா என்ற வினாவை, வழக்காடும் மோகமென்று அலட்சியமாகத் தள்ளிவிடுதல் தகாது.

திருத்துவோரும் மனிதரே, கூட்டலில் பிழை நேரலாம், ஒரு பக்கம் பார்வைக்குத் தப்பலாம். விதியில் இடமில்லாத மறுமதிப்பீட்டை உரிமையாகக் கோரலாகாது என்று 1984-ல் மகாராஷ்டிரக் கல்வி வாரிய வழக்கில் தீர்ப்பளித்த உச்சநீதிமன்றமே, தகவல் அறியும் உரிமைச் சட்டம் வந்தபின், திருத்தப்பட்ட தம் விடைத்தாளைப் பார்க்கும் உரிமை தேர்வெழுதியவருக்கு உண்டென்று 2011-ல் ஒப்புக்கொண்டது. ஆயினும் 2017-ல் ரன் விஜய் சிங் வழக்கில், விதி இடந்தராதபோது, பிழை ஐயமற வெளிப்படும் அபூர்வ சந்தர்ப்பங்களிலன்றி மறுமதிப்பீட்டுக்கு ஆணையிடலாகாதென்றும், நீதிபதிகள் தாமே விடைத்தாள் திருத்த முற்படலாகாதென்றும், சந்தேகத்தின் பலன் தேர்வு நடத்தியவருக்கே சேருமென்றும் வரையறுத்தது.

சட்டம் வகுத்த இந்த எல்லைக்குள் ஓர் அறமும் அடங்கியுள்ளது. பலரையும் ஒரே கோலால் அளப்பதே தேர்வின் இயல்பு. வக்கீல் ஃபீஸ் கொடுக்க வல்லவர் மதுரைக்குச் சென்று பெறுகின்ற மதிப்பெண், அதே பிழைக்கு ஆளாகியும் செலவுக்கு வழியின்றி அடுத்த பரீட்சைக்குக் காத்திருக்கும் தீப்பெட்டித் தொழிலாளியின் மகளுக்குக் கிட்டாதெனின், ஓர் அநீதி நீங்கிய இடத்தில் மற்றோர் அநீதி குடிபுகுந்ததாகவே கொள்ளவேண்டும்.

அங்ஙனமாயின், எல்லோருக்கும் ஒருசேர வழங்கிவிட்டால் நீதி நிறைவுறுமோவெனில், அதுவும் இல்லை. 2018-ல் நீட் தேர்வின் தமிழ் வினாத்தாளில் 49 வினாக்கள் பிழைபட மொழிபெயர்க்கப்பட்டன என்று கண்ட மதுரைக் கிளை, தமிழில் எழுதிய அனைவருக்கும் வினாவுக்கு 4 வீதம் 196 மதிப்பெண் அளிக்குமாறு ஜூலை மாதத்தில் ஆணையிட்டது. உச்சநீதிமன்றம் அதை அம்மாதமே நிறுத்திவைத்து, நவம்பரில் ரத்துச் செய்தது. அறிந்து விடையளித்தவருக்கும் அறியாது எழுதியவருக்கும் ஒரே எண்ணை வழங்குதல் இரக்கமாகுமேயன்றி மதிப்பீடாகாது என்பது மெய்யே; எனினும், ஆணை ரத்தானபின் பிழையான வினாக்களால் இடரடைந்தவருக்குப் பரிகாரம் யாதொன்றும் எஞ்சவில்லை என்பதும் மெய்யே.

ஆகவே, கடமையின் முதற்பங்கு சர்வகலாசாலையைச் சார்ந்தது: விடைத்தாள் நகலை எளிய கட்டணத்தில், அடுத்த பரீட்சைக்குப் பணம் கட்டும் நாளுக்கு முன்பே தருவதும், ஒருவர் சுட்டிய பிழையை அதற்கு ஆளான அனைவருக்கும் கேளாமலே திருத்துவதும் அதன் கடன். ஏமாற்றம் வேறு, அநீதி வேறு என்றுணர்ந்து, பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்திடுமுன் தம் விடைத்தாளைத் தாமே நடுநிலையோடு படித்துப் பார்ப்பது மாணவரின் கடன். இவ்விரண்டும் நிகழ்ந்த பின்னரும் பிழை இன்னதென்று காட்டி, தம்மைப்போல் பாதிக்கப்பட்டோருக்கும் சேர்த்துத் திருத்தம் வேண்டுபவர் நீதிமன்றப் படியேறுதல் தர்மமே. பிழை காட்டாது மதிப்பெண் மட்டும் வேண்டுபவர் வென்றாலும், தரவரிசையில் தம்மால் பின்தள்ளப்பட்டவரிடம் சொல்வதற்கு அவரிடம் நியாயம் இராது.